தீர்ப்பு வருவதற்கு முன்பே நிலத்தை ஜப்தி செய்துவிட்டார்கள், அடுத்து என்ன செய்வது?

பண்ணைக்காரன் எழுதியது:

வணக்கம். தமிழ்நாட்டில் சிவில் வழக்கு நடைமுறை தெரிந்தவர்கள் யாராவது வழி சொல்லுங்கள்.

கோழிப்பண்ணை வைத்திருக்கிறேன். தீவனம் கொடுத்துவந்த வியாபாரி ஒருவர் 9,40,000 ரூபாய் பாக்கி என்று என் மேல் பிராது போட்டிருக்கிறார். அதில் 2,60,000 ரூபாய் வங்கி வழியாகவே அவருக்கு அனுப்பியது. அவர் கணக்கில் அது வரவே வைக்கப்படவில்லை. மீதிப் பாக்கி உண்டு, அதை நான் மறுக்கவில்லை. நோய் விழுந்து இரண்டு பேட்ச் கோழி போனதில் கட்ட முடியாமல் நின்றுவிட்டது.

வழக்கு வரும் என்று தெரியும். சம்மன் வரும், வக்கீல் வைப்போம், வாய்தா ஓடும், அதற்குள் பணத்தைப் புரட்டிவிடலாம் என்று இருந்தேன். ஆனால் போன வாரம் காலையில் கோர்ட் அமீனா தலையாரியைக் கூட்டிக்கொண்டு நேராகக் காட்டுக்கே வந்துவிட்டார். தமுக்கு அடித்து, சர்வே எண்களை உரக்கப் படித்து, மோட்டார் ரூம் கதவில் ஒரு தாளை ஒட்டிவிட்டுப் போனார். மக்காச்சோளம் ஆள் உயரத்துக்கு நிற்கிறது. களை எடுக்க வந்த பெண்கள் எல்லாரும் கையை நிறுத்திவிட்டுப் பார்த்தார்கள். மத்தியானத்துக்குள் ஊர் முழுக்க 'அவன் காடு ஏலத்துக்கு வந்துடுச்சாம்' என்று பேச்சு.

தாளில் இருப்பதை என் புத்திக்கு எட்டிய அளவில் சொல்கிறேன். உரிமையியல் விசாரணை முறைச் சட்டம் கட்டளை 38 விதி 5 என்று போட்டிருக்கிறது. குறிப்பிட்ட தேதிக்குள் 9,40,000 ரூபாய்க்குப் பிணை கொடு, இல்லையென்றால் ஏன் கொடுக்க வேண்டியதில்லை என்று ஆஜராகிக் காரணம் சொல், அதுவரை சொத்து நிபந்தனையின் பேரில் ஜப்தி என்று இருக்கிறது.

நிலம் மொத்தம் 2 ஏக்கர் 30 சென்ட். இரண்டு உட்பிரிவு. ஒன்று 1 ஏக்கர் 10 சென்ட், என் பேரில் மட்டும். இன்னொன்று 1 ஏக்கர் 20 சென்ட், அது எனக்கும் தம்பிக்கும் கூட்டுப் பட்டா. இரண்டையுமே அட்டவணையில் சேர்த்துவிட்டார்கள்.

இதில் பெரிய சிக்கல் ஒன்று. கடனை அடைக்கத்தான் என் பங்கில் ரோட்டோரம் 40 சென்ட்டை 14 லட்சத்துக்கு விற்க நான்கு மாதம் முன்பே கிரய ஒப்பந்தம் போட்டு, பதிவும் செய்திருக்கிறேன். 5 லட்சம் முன்பணம் வாங்கியாகிவிட்டது. வாங்குபவர் வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்துவிட்டு, தினமும் போன் செய்கிறார். அவருக்கு எழுதிக் கொடுக்க முடியுமா? நிற்கிற மக்காச்சோளத்தை அறுக்கலாமா? தம்பி இதற்கு என்ன பாவம் செய்தான்? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.


ஊர்க்குருவி எழுதியது:

அண்ணா, இதுக்கெல்லாம் பயப்படாதீங்க. கோர்ட் ஆர்டர் சார்பதிவாளர் ஆபீஸுக்குப் போய்ச் சேர நாளாகும். அதுக்குள்ள உங்க பங்கை அண்ணி பேருக்கு தான செட்டில்மென்ட் எழுதிடுங்க. சொத்தே உங்க பேர்ல இல்லைன்னா எதை ஜப்தி பண்ணுவாங்க? எங்க பக்கத்துல ரெண்டு பேர் அப்படித்தான் செஞ்சாங்க.


ஓய்வுபெற்ற குமாஸ்தா எழுதியது:

மேலே சொன்னதை மட்டும் செய்துவிடாதீர்கள் தம்பி. மற்றது எல்லாம் பிறகு.

நான் வக்கீல் இல்லை. வக்கீல் குமாஸ்தாவாக இருந்து ஓய்ந்தவன். இந்த 38-5 மனுக்களை வாதிக்கும் தயார் செய்து கொடுத்திருக்கிறேன், பிரதிவாதிக்கு எதிர்மனுவும் டைப் அடித்திருக்கிறேன். இரண்டு பக்கமும் எங்கே கால் இடறும் என்று ஓரளவு தெரியும்.

ஜப்தி ஆன பிறகு நீங்களாகச் செய்யும் எந்தக் கைமாற்றமும் அந்த ஜப்தியின் கீழ் வரும் கோரிக்கைக்கு எதிராகச் செல்லாது. அதே உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் பிரிவு 64 அப்படித்தான் சொல்கிறது. ஆக, மனைவி பேருக்கு எழுதியும் பிரயோசனமில்லை. அதைவிட மோசம் இன்னொன்று உண்டு. வாதி இந்த உத்தரவை எப்படி வாங்கியிருப்பார்? 'பிரதிவாதி தீர்ப்பை நிறைவேற்றவிடாமல் செய்யும் நோக்கத்தோடு சொத்தை விற்கப் பார்க்கிறார்' என்று சத்தியப் பிரமாணத்தில் சொல்லித்தான். அதை அவர் நிரூபிக்கத் தடுமாறிக்கொண்டிருக்கும்போது, நீங்களே போய் ஒரு செட்டில்மென்ட் பத்திரத்தை எழுதி அவர் கையில் கொடுப்பீர்களா? தவிர, 2022 திருத்தத்துக்குப் பிறகு தமிழ்நாட்டில் பதிவுச் சட்டம் 22-பி இருக்கிறது. கோர்ட் ஜப்தியில் உள்ள சொத்தின் கைமாற்றப் பத்திரத்தைச் சார்பதிவாளர் பதிவு செய்ய மறுக்கத்தான் வேண்டும்.

சரி, இப்போது உங்கள் நிலைமை. நிலம் எங்கேயும் போகவில்லை. ஏலமும் இல்லை. ஊர் பேசுவதைப் பேசட்டும். தீர்ப்புக்கு முன் செய்யும் ஜப்தியால் வாதிக்கு அந்த நிலத்தின் மேல் உரிமையோ அடமானமோ வருவதில்லை. விற்காதே, ஈடு வைக்காதே என்று உங்கள் கையைக் கட்டுகிறது, அவ்வளவுதான். சுவாதீனம் உங்களிடமே. உழலாம், விதைக்கலாம், தண்ணீர் பாய்ச்சலாம்.

மக்காச்சோளத்தைத் தாராளமாக அறுங்கள். விவசாயி வசம் உள்ள விளைபொருளைத் தீர்ப்புக்கு முன் ஜப்தி செய்ய வாதி கேட்கவே முடியாது. அதே கட்டளை 38-இல் விதி 12 பாருங்கள்.

இனி உங்கள் வேலை தொடங்குவது அந்தத் தாளில் இல்லை. அதற்குப் பின்னால் இருக்கும் மனுவிலும் அபிடவிட்டிலும் (வாதியின் சத்தியப் பிரமாண வாக்குமூலம்). நகல் கொடுத்திருந்தால் நல்லது, இல்லையென்றால் நாளைக்கே நகல் மனு போடச் சொல்லுங்கள். அபிடவிட்டை வரிவரியாகப் படியுங்கள். பெரும்பாலும் ஒரே மாதிரி இருக்கும்: 'பிரதிவாதி சொத்தை விற்க முயல்வதாக நம்பகமான வட்டாரத்தில் அறிகிறேன்.' யார் சொன்னார்? எப்போது? எந்தச் சொத்தை, யாருக்கு? ஒன்றும் இருக்காது. நான் டைப் அடித்த காலத்தில் அந்தப் பத்தியை வழக்கு எண்ணை மாற்றி அப்படியே அடிப்போம். எதிர்மனுவில் முதல் அடி அங்கேதான் விழ வேண்டும்.

பணம் வர வேண்டியிருக்கிறது, பிரதிவாதியிடம் நிலம் இருக்கிறது என்பது மட்டும் ஜப்திக்குப் போதாது. வழக்கில் முகாந்திரமும் வேண்டும், தீர்ப்பை ஏய்க்கும் எண்ணத்தோடு சொத்தைக் கைமாற்றப் போகிறார் என்பதும் வேண்டும். ராமன் டெக் கம்பெனிக்கும் சோலங்கி டிரேடர்ஸுக்கும் நடந்த வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது, எஸ்.சி.சி. என்ற தீர்ப்புத் தொகுப்பில் 2008 இரண்டாம் தொகுதி, பக்கம் 302. கடன் கொடுக்கும்போது ஈடு வாங்காதவர், வழக்குப் போட்ட பிறகு இந்த விதியைப் பிடித்துக்கொண்டு அதை ஈட்டுக் கடனாக மாற்றிக்கொள்ள முடியாது என்பதுதான் அதன் சாரம். உங்கள் வக்கீலுக்குத் தெரியாமல் இருக்காது. இருந்தாலும் ஞாபகப்படுத்துங்கள்.

உங்களைப் பொறுத்தவரை ஒரு இக்கட்டு உண்டு, மறைக்காமல் சொல்கிறேன். கிரய ஒப்பந்தம் இருக்கிறது. வாதி அதன் நகலை வைத்து 'பாருங்கள், விற்கிறார்' என்பார். அதற்கு நீங்கள் பதில் வைத்திருக்க வேண்டும். ஒப்பந்தம் பிராதுக்கு முந்தையது, மறைவாகப் போடாமல் பதிவு செய்தது, உரிய விலைக்குப் போட்டது, கடன் அடைக்கப் போட்டது. முன்பணம் 5 லட்சம் எங்கே போனது என்று வங்கிக் கணக்கைக் காட்டுங்கள். வேறு கடனுக்குக் கட்டியிருந்தால் ரசீதோடு காட்டுங்கள். பயந்துகொண்டு ஒப்பந்தத்தையே எதிர்மனுவில் சொல்லாமல் விட்டால், வாதி சொல்லும்போது நீங்கள் மறைத்த மாதிரி ஆகிவிடும்.

2,60,000 ரூபாய்க்கு வங்கிக் கணக்குப் பட்டியலைச் சான்றோடு வாங்கி இணையுங்கள். கேட்கும் தொகையே தவறு என்று காட்டினால், பிணைத் தொகையையாவது குறைக்கலாம்.

இன்னொரு வாசலும் திறந்திருக்கிறது. விதி 5-இன்படி வாதி சொத்தின் உத்தேச மதிப்பையும் சொல்ல வேண்டும். என்ன போட்டிருக்கிறார் என்று பாருங்கள். நீங்கள் சொல்லும் விலையில் சென்ட் 35,000 ரூபாய். உங்கள் 1.10 ஏக்கரே 38 லட்சத்துக்கு மேல் வரும். ரோட்டை விட்டு உள்ளே குறைவு என்றாலும், 9,40,000 ரூபாய்க்கு எதற்கு 2.30 ஏக்கர்? விதி 6-இலேயே தீர்ப்புத் தொகைக்குப் போதுமான பகுதியை ஜப்தி செய்யலாம் என்று இருக்கிறது. ரோட்டோரம் இல்லாத ஒரு பகுதியை எல்லை குறித்துக் காட்டி, 'இது போதும், மற்றதை விடுவியுங்கள்' என்று மாற்றுக் கோரிக்கையாக வையுங்கள். முழு ஜப்தியையும் எதிர்த்துக்கொண்டே இதையும் கேட்கலாம்.

தம்பியின் விஷயம் தனி. உங்கள் கடனுக்கு அவர் பங்கு பொறுப்பில்லை. அவர் வழக்கிலேயே இல்லாதவர். விதி 8-இன்படி அவர் பேரில் தனியாக உரிமை கோரும் மனு போட வேண்டும். நீங்கள் உங்கள் எதிர்மனுவில் 'தம்பி பங்கும் இருக்கிறது' என்று எழுதிவிட்டால் போதும் என்று இருந்துவிடாதீர்கள். பட்டா, மூலப் பத்திரம், பாகப்பிரிவினை இருந்தால் அதுவும் வேண்டும்.

தேதியைத் தவறவிட்டால் என்ன என்று கேட்டால், அன்றைக்கே நிபந்தனை ஜப்தியை உறுதி செய்துவிடுவார்கள். அதன் மேல் அப்பீல் உண்டு. கீழ்க்கோர்ட்டிலிருந்து மாவட்டத்துக்குள்ளேயே போகும் மேல்முறையீடு என்றால் 30 நாள், உயர் நீதிமன்றம் என்றால் 90 நாள். ஆனால் முதல் கோர்ட்டிலேயே வாய் திறக்காதவர் அங்கே போய் என்ன சொல்வார்?


சிமென்ட் கல் எழுதியது:

குமாஸ்தா ஐயா சொன்னதில் குறை ஒன்றும் இல்லை. இருந்தாலும் வாதி பக்கத்திலிருந்து ஒருவன் பேச வேண்டும் என்று தோன்றியதால் எழுதுகிறேன்.

நான் ஹாலோ பிளாக் தயாரிப்பவன். கட்டட வேலைக்குச் சரக்கு வாங்கிய ஒருவர் பணம் தரவில்லை. வழக்குப் போட்டேன், எனக்குச் சாதகமாகத் தீர்ப்பும் வந்தது. வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே அவர் தன் இடத்தையெல்லாம் விற்றுவிட்டார். டிக்ரி என் பீரோவில் இருக்கிறது, பிடிக்கச் சொத்து இல்லை. அப்போது என் வக்கீல் இந்த மனுவைப் போட்டிருந்தால் கதையே வேறு. ஆகவே தீவனக்காரர் ஏதோ அநியாயம் செய்துவிட்டார் என்று எனக்குத் தோன்றவில்லை. அவர் பக்கத்திலும் மில்லுக்குப் பணம் கட்ட வேண்டியிருக்கும்.

பண்ணைக்காரர் அண்ணா, நீங்களே மீதிப் பாக்கி உண்டு என்கிறீர்கள். 9,40,000-இல் 2,60,000 போனால் 6,80,000. அந்தத் தொகையை வைத்துப் பேச ஆரம்பிக்கலாமே. எங்களைப் போன்றவர்களுக்கு வேண்டியது உங்கள் காடு இல்லை.


பண்ணைக்காரன் எழுதியது:

ஐயா, ரொம்ப நன்றி. நகல் மனு போட்டாயிற்று. அபிடவிட்டும் கிடைத்தது. நீங்கள் சொன்ன மாதிரியே 'நம்பகமான வட்டாரத்தில் அறிகிறேன்' என்றுதான் இருக்கிறது. ஒப்பந்தத்தைப் பற்றி ஒரு வரி கூட இல்லை. சொத்து மதிப்பு என்று 10 லட்சம் போட்டிருக்கிறார்கள், 2.30 ஏக்கருக்கும் சேர்த்து!

சிமென்ட் கல் அண்ணாவுக்கு: பேச ஆள் அனுப்பினேன். 'இனி எதுவானாலும் கோர்ட்டில்' என்று சொல்லிவிட்டார். கோபத்தில் இருக்கிறார். அவர் கோபத்தில் கொஞ்சம் நியாயமும் இருக்கிறது, நான் போனை எடுக்காமல் விட்ட நாட்கள் உண்டு.

எனக்கு இப்போது கவலை 40 சென்ட்தான். வாங்குபவர் பிள்ளைக்கு வீடு கட்ட எடுக்கிறார். ஒப்பந்தக் கெடு முடிய இன்னும் இரண்டு மாதம் இருக்கிறது. அவர் முன்பணத்தைத் திரும்பக் கேட்டால் என்னிடம் இல்லை. பதிவு செய்த ஒப்பந்தத்துக்கு ஏதாவது பாதுகாப்பு உண்டா?


ஓய்வுபெற்ற குமாஸ்தா எழுதியது:

உண்டு. நீங்கள் அந்த ஒப்பந்தத்தைப் பதிவு செய்தீர்களே, அது பெரிய காரியம். 2002 திருத்தத்தில் பிரிவு 64-இல் இரண்டாம் உட்பிரிவு சேர்த்தார்கள். ஜப்திக்கு முன்பே போட்டு, ஜப்திக்கு முன்பே பதிவும் ஆன ஒப்பந்தத்தின்படி எழுதிக் கொடுக்கும் கிரயத்துக்கு அந்தத் தடை பொருந்தாது. வெள்ளைத் தாளில், அல்லது வெறும் முத்திரைத்தாளில் எழுதி வைத்திருந்தால் இந்த உட்பிரிவு கை கொடுக்காது. ஜப்திக்கு முன் இருந்த வெளியாள் உரிமையை ஜப்தி பாதிக்காது என்று கட்டளை 38 விதி 10-உம் இருக்கிறது. வாங்குபவருக்கு இந்த இரண்டையும் காட்டுங்கள், போன் கொஞ்சம் குறையும்.

ஆனால் சட்டத்தில் பாதுகாப்பு இருக்கிறது என்பதற்காக நேராகப் பத்திர ஆபீஸுக்குப் போய்விடாதீர்கள். சார்பதிவாளர் கணினியில் ஜப்தி என்று பார்த்தவுடன் திருப்பி அனுப்புவார். 64(2) பற்றி அவரோடு விவாதம் செய்து பலனில்லை, அது அவர் தீர்மானிக்கும் விஷயமும் இல்லை. கோர்ட்டிலிருந்து உத்தரவு வேண்டும்.

என் யோசனையைச் சொல்கிறேன், வக்கீலிடம் கேட்டு முடிவெடுங்கள். வாங்குபவர் தர வேண்டிய மீதி 9 லட்சம். வழக்குத் தொகை 9,40,000. அந்த 9 லட்சத்தை வாங்குபவர் நேராகக் கோர்ட் கணக்கில் கட்டுவார், நீங்கள் 40,000 சேர்த்துக் கட்டுவீர்கள், அதைப் பிணையாக ஏற்றுக்கொண்டு 2.30 ஏக்கரையும் விடுவிக்க வேண்டும் என்று மனுப் போடுங்கள். பிணை கொடுத்தால் ஜப்தியை நீக்க வேண்டும் என்பதுதான் விதி 9. இதில் வாங்குபவருக்குப் பத்திரம் கிடைக்கிறது, தம்பி தலையும் தப்புகிறது, வாதி 'பணம் போய்விடும்' என்று சொல்லவும் முடியாது. பணம் கட்டுவது பாக்கியை ஒப்புக்கொண்டதாகாது, வழக்கில் உள்ள வாதங்களுக்குப் பாதகமில்லாமல் கட்டுகிறேன் என்று மனுவில் தெளிவாக எழுதச் சொல்லுங்கள். 2,60,000 விஷயத்தைச் சாட்சி விசாரணையில் பார்த்துக்கொள்ளலாம். வழக்கு நடக்கும்வரை அந்தத் தொகையைத் தேசிய வங்கியில் வைப்பாகப் போட உத்தரவு கேளுங்கள், வட்டியாவது ஏறும்.

இதில் உங்களுக்குக் கையில் காசு எதுவும் வராது. அது கஷ்டம்தான். முதலில் எதிர்மனுவை வைத்து ஜப்தியே செல்லாது என்று வாதாடிப் பார்ப்போமா, நேரே பணத்தைக் கட்டி விடுவித்துக்கொள்வோமா என்பதை உங்கள் கெடு தேதிதான் தீர்மானிக்க வேண்டும். அபிடவிட் அவ்வளவு பலவீனமாக இருக்கும்போது எதிர்ப்பதில் நியாயம் இருக்கிறது. ஆனால் அந்த மனு வாய்தா வாய்தாவாகப் போனால் இரண்டு மாதம் கரைந்துவிடும். நான் உங்கள் இடத்தில் இருந்தால் இரண்டையும் ஒரே நாளில் தாக்கல் செய்வேன்.

பலர் கோட்டை விடும் இடம் ஒன்று இருக்கிறது. இந்த ஜப்தி மனு வேறு, மூல வழக்கு வேறு. ஜப்தி மனுவுக்கு எதிர்மனு போட்ட நிம்மதியில் வழக்குக்குப் பதிலுரை போடாமல் விட்டு எக்ஸ்பார்டி, அதாவது ஒருதலைப்பட்சத் தீர்ப்புக்கு ஆளானவர்களைப் பார்த்திருக்கிறேன். பதிலுரைக்குக் கெடு, சம்மன் உங்கள் கையில் சார்வான நாளிலிருந்து 30 நாள், கோர்ட் அனுமதித்தால் 90 நாள்வரை. எக்ஸ்பார்டி தீர்ப்பு வந்தால் இருக்கிற ஜப்தியே போதும், மறுபடி ஜப்தி செய்ய வேண்டியதில்லை, நிறைவேற்று மனுவில் நேரே விற்பனைக்குப் போகலாம்.

சிமென்ட் கல் தம்பி சொன்னதும் சரிதான். கோபம் தணியட்டும். அப்புறம் லோக் அதாலத்துக்கு அனுப்பக் கேளுங்கள். அங்கே சமரசம் ஆனால் வாதி கட்டிய கோர்ட் கட்டணம் அவருக்குத் திரும்பக் கிடைக்கும். அது அவருக்கும் ஒரு தூண்டுதல்.


ஊர்க்குருவி எழுதியது:

ஐயா, நான் சொன்னதை வாபஸ் வாங்கிக்கறேன். ஒரு சந்தேகம். காரணமே இல்லாம இப்படி ஜப்தி வாங்கினா வாதிக்கு ஒண்ணும் ஆகாதா? ஊர்ல மானம் போச்சே.


ஓய்வுபெற்ற குமாஸ்தா எழுதியது:

பிரிவு 95 இருக்கிறது. போதிய ஆதாரமில்லாமல் ஜப்தி வாங்கியிருந்தால் அதே கோர்ட்டில் மனுப் போட்டு 50,000 ரூபாய்வரை இழப்பீடு கேட்கலாம். இவர் விஷயத்தில் பாதிக்கு மேல் பாக்கியை இவரே ஒத்துக்கொள்கிறார். அதனால் நான் அதில் நேரத்தைச் செலவழிக்க மாட்டேன்.


பண்ணைக்காரன் எழுதியது:

நாளைக்கு வக்கீலைப் பார்க்கிறேன். வாங்குபவரும் கூட வருகிறேன் என்று சொல்லிவிட்டார், பணத்தைக் கோர்ட்டில் கட்டுவதில் அவருக்கு ஆட்சேபணை இல்லையாம். தம்பி மனுவுக்கும் வக்காலத்து கையெழுத்து வாங்கியாயிற்று. கடைசியாக ஒன்று: விடுவித்து உத்தரவு வந்தால் வில்லங்கத்தில் தானாகவே சரியாகிவிடுமா?


ஓய்வுபெற்ற குமாஸ்தா எழுதியது:

தானாக என்று நம்பி இருக்காதீர்கள். ஜப்தி செய்ததைத் தெரிவித்தது போலவே நீக்கியதையும் கோர்ட் சார்பதிவாளருக்குத் தெரிவிக்க வேண்டும். ஆனால் ஜப்தி வாங்கும்போது வாதி ஓடி ஓடி அனுப்ப வைப்பார். நீக்கிய உத்தரவை அனுப்ப வைக்க யாரும் ஓடுவதில்லை. வழக்கு முடிந்து வருஷக்கணக்கான பிறகும் வில்லங்கத்தில் பழைய ஜப்தி அப்படியே நிற்கும் சொத்துகள் எத்தனையோ உண்டு. உத்தரவு வந்ததும் அதன் சான்றிட்ட நகலுக்கு மனுப் போடுங்கள், கோர்ட் ஆபீஸில் அனுப்புகைக் கடிதத்தின் எண்ணையும் தேதியையும் குறித்துக்கொள்ளுங்கள், அந்த எண்ணோடு சார்பதிவாளர் அலுவலகத்தில் கேளுங்கள். இரண்டு உட்பிரிவுக்கும் தனித்தனியாக வில்லங்கம் போட்டுப் பாருங்கள். ஒன்றில் பதிந்து மற்றதில் விட்டுவிடுவது சாதாரணம்.